மடுவத்துக்குப் பின்னால் நின்ற துரை

வேலையில் இருந்த முப்பத்து நான்கு வருடமும் நான் வாயை மூடி இருந்த நாள் கிடையாது. காலையில் பிரட்டுக் களத்தில் வேலைக்கு ஆளைப் பிரிக்கும்போது ஆரம்பித்தால், மாலையில் கொழுந்து நிறுத்து முடிக்கும்வரை ஏச்சும் பேச்சும்தான். தோட்டத்துக் கணக்கப்பிள்ளைக்கு வேறென்ன வேலை? ஓய்வு பெற்ற மறுநாள் காலை ஐந்து மணிக்கு வழக்கம்போல எழுந்து உட்கார்ந்தேன். யாரை ஏசுவது என்று விளங்கவில்லை. மனைவி இருந்தாள், அவளை ஏசினேன். நான்கு வருடத்துக்கு முன்னால் அவளும் போய்ச் சேர்ந்தாள். அதற்குப் பிறகு வீட்டில் ஏசுவதற்கு ரேடியோ ஒன்றுதான் மிச்சம்.

வீடு தோட்டத்துக்குக் கீழே, தெரணியகலை பஸ் போகிற ரோட்டோரத்தில் இருக்கிறது. முன்னால் தேயிலை, பின்னால் றப்பர், மேலே எப்போதும் மழை. மகள் கொழும்பில் இருந்து ஞாயிற்றுக்கிழமைதோறும் போன் எடுப்பாள். "சாப்பிட்டீங்களாப்பா?" என்பாள். "சாப்பிட்டேன்" என்பேன். "மழையாப்பா?" என்பாள். "மழைதான்" என்பேன். அதற்கு மேல் எங்கள் இரண்டு பேருக்கும் பேச்சு ஓடாது. போனை வைத்த பிறகு அடுத்த ஞாயிறு வரைக்கும் என் குரலை நானே கேட்க வேண்டுமென்றால் ரேடியோவில் செய்தி வாசிக்கிறவரைத் திட்டினால்தான் உண்டு.

அப்படி இருக்கும்போதுதான் ஒரு நாள் மேலே பழைய துரை பங்களாவில் சமைக்கிற ஆள் வந்து கேட்டில் நின்றான். சிங்களப் பையன் என்று நான் சொல்வேன், அவனுக்கு ஐம்பது வயதாகிறது. அந்தப் பங்களாவை இப்போது வெளிநாட்டுக்காரர்களுக்கு வாடகைக்கு விடுகிறார்கள்.

"ஐயா, ஒரு சுத்தா மாத்தயா, வெள்ளக்காரரு, வந்திருக்காரு. தனி ஆள். மூணு மாசத்துக்கு எடுத்திருக்காரு. ஒருத்தரோடயும் கதைக்க இல்ல. சோறு வச்சா பாதிதான் சாப்பிடுறாரு. எனக்கு இங்கிலிசு வராது. நீங்க வந்து கொஞ்சம் கதைச்சா நல்லம்."

எனக்கு ஆபீஸ் இங்கிலீஷ் வரும். போனேன். சும்மா சொல்லவில்லை, அன்றைக்குச் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டு போனேன்.

வெராந்தாவில் உட்கார்ந்திருந்தார். ஒல்லியான, நெட்டையான ஆள். எண்பதுக்குக் கொஞ்சம் கிட்ட இருக்கும். வைக்கோல் தொப்பி ஒன்று, மழைக்குள்ளும் கழற்றாமல் போட்டிருந்தார். ஒல்லாந்து தேசத்துக்காரர் என்றார். என்ன வேலை என்று கேட்டேன். மக்களைச் சிரிக்க வைக்கிற வேலை என்றார். சர்க்கஸ்காரராக்கும் என்று நினைத்துக்கொண்டேன். பிறகுதான் சினிமா டைரக்டர் என்று தெரிந்தது. சிரிப்புப் படமாகவே எட்டுப் படம் எடுத்தவராம். துரை என்று கூப்பிடாதே என்று எத்தனையோ தடவை சொன்னார். எனக்கு வேறு சொல் வாயில் வரவில்லை.

அதற்குப் பிறகு தினமும் நான்கு மணிக்கு மேல் ஏறிப் போவேன். சமையல்காரன் தேத்தண்ணி கொண்டுவந்து வைப்பான். அவர் பேசுவார், நான் கேட்பேன். கேட்பது எனக்குப் புதுப் பழக்கம். முதல் வாரம் கஷ்டமாகத்தான் இருந்தது.

அவருடைய அப்பாவுக்குப் பேக்கரியில் பாண் சுடுகிற வேலை. விடியற்காலை இரண்டு மணிக்கு எழும்புகிற மனிதராம், வீட்டில் சிரித்ததே கிடையாதாம். ஒரு நாள் இவர் சூட்டுப் பாணைத் தட்டோடு தூக்கிக்கொண்டு வரும்போது வழுக்கி விழுந்துவிட்டார். பாணெல்லாம் சாக்கடையில். அப்பா வந்து கன்னத்தில் ஓர் அறை விட்டுவிட்டு அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார். திரும்பிய மனிதரின் தோள் குலுங்கியதாம். அதைப் பார்த்தபிறகு இவர் வாரத்துக்கு ஒரு தடவை வேண்டுமென்றே விழ ஆரம்பித்துவிட்டார். வாரத்துக்கு ஓர் அறை, வாரத்துக்கு ஒரு குலுக்கல். அதுதான் நான் படித்த படிப்பு என்று சொன்னார்.

பிறகு பட்டணத்துக்குப் போய் டெலிவிஷன்காரர்களுக்கு லைட் தூக்கினார். சின்னச் சின்னதாக எழுதிக் கொடுத்தார். முப்பது வயதுக்கு மேல்தான் முதல் படம். லொத்தர் சீட்டில் மாடு பரிசாக விழுந்த பால்காரன் ஒருவனைப் பற்றிய கதை. அவன் இருப்பதோ ஒரு கட்டடத்தின் நான்காவது மாடியில். வீட்டுக்காரனுக்குத் தெரியாமல் மாட்டைப் படியில் ஏற்றி, குளிக்கிற அறையில் கட்டி வைத்து, இரண்டு மாதம் ஒளித்து வளர்க்கிறான். பால்காரனாக நடிக்க வேண்டிய நடிகர் படம் தொடங்க இரண்டு நாள் இருக்கும்போது காலை உடைத்துக்கொண்டார். வேறு வழியில்லாமல் இவரே பால்காரன் தொப்பியைப் போட்டுக்கொண்டு நடித்தார். மழையில் குடை பிடித்துக்கொண்டு சனங்கள் வரிசையில் நின்று பார்த்தார்களாம்.

"நீங்கள் எங்கே உட்கார்ந்து பார்த்தீர்கள்?" என்று கேட்டேன்.

உட்காரவில்லை என்றார். உள்ளே இருந்தால் முகம் தெரியும், ஆயிரம் பேர் சிரித்தாலும் சிரிக்காத ஒருத்தன் இருப்பான், கண் அவனைத்தான் தேடிப் போகும். அதனால் எட்டுப் படத்துக்கும் தியேட்டர் கதவுக்குப் பின்னால், வெளியே, தனியாக நின்று சத்தத்தை மட்டும் கேட்டாராம். முதல் படத்துக்குக் கதவு அதிர்ந்தது. மூன்றாவது, நான்காவதுக்குப் பரவாயில்லை. போகப் போகச் சத்தம் மெலிந்தது. எட்டாவது படத்துக்கு ஒரே ஒரு இருமல் கேட்டது. அத்தோடு பதினோரு வருடம் படமே இல்லை. பெண்சாதி அதற்கு முன்னாலேயே பிரிந்து போய்விட்டார். மகள் இவருக்கு ஒரு முதியோர் இல்லத்தில் அறை பதிந்து வைத்திருக்கிறார். இன்னும் ஒரு படம் எழுத என்னிடம் இருக்கிறதா என்று பார்க்கத்தான் இவ்வளவு தூரம் வந்தேன், இருந்தால் போய் எழுதுவேன், இல்லாவிட்டால் அந்த அறையில் போய்ப் படுத்துக்கொள்வேன் என்றார்.

மேசையைப் பார்த்தேன். வெள்ளைத் தாள் ஒரு கட்டு, காற்றில் பறக்காமலிருக்க மேலே ஒரு கல். முதல் தாளில் ஓர் எழுத்துக்கூட இல்லை. வந்து இரண்டரை மாதம் ஆகியிருந்தது.

போக இரண்டு வாரம் இருக்கும்போது ஒரு யோசனை சொன்னார். இங்கே ஒருவரும் என்னுடைய முதல் படத்தைப் பார்த்ததில்லை, பேச்சும் அதிகம் இல்லை, பார்த்தாலே விளங்கும், காட்டுவோமா? அவர்கள் சிரித்தால் எழுதுகிறேன். இதைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்க்காமல் தொப்பியின் விளிம்பைத் தடவிக்கொண்டிருந்தார். மனுசனுக்கு இது எவ்வளவு பெரிய காரியம் என்று எனக்கு அப்போதே விளங்கியது. சும்மா விளங்கி என்ன பிரயோசனம்?

தெரணியகலையில் கலியாண வீடியோ பிடிக்கிற கடையில் புரொஜெக்டர் வாடகைக்கு எடுத்தோம். இடம், கொழுந்து மடுவம். பெண்கள் எடுத்த கொழுந்தைக் கொண்டுவந்து நிறுக்கிற கொட்டகை அது. முன்பக்கம் திறந்திருக்கும், பின்பக்கம் முழுக்கத் தகரம். பங்களாப் படுக்கை விரிப்பு ஒன்றைத் திரையாகக் கட்டினோம். ஆட்களைக் கூப்பிடுகிற பொறுப்பை நானே கேட்டு வாங்கிக்கொண்டேன். சும்மா கிடந்த சங்கை ஊதிக் கெடுத்தானாம் ஆண்டி.

தொழிலாளர் குடியிருக்கிற லயம் லயமாகப் போனேன். குடையைக் கையில் மாட்டிக்கொண்டு ஒவ்வொரு லயத்து வாசலிலும் நின்று சொன்னேன்.

"சனிக்கிழம சாயங்காலம் ஆறு மணிக்கு மடுவத்துல படம். எல்லாரும் வாங்க. ஆனா ஒன்னு. விசில் அடிக்கிறது, கத்துறது, பல்லக் காட்டிக்கிட்டுக் கெக்கபெக்கன்னு சிரிக்கிறது, ஒன்னும் இருக்கக் கூடாது. அந்த மனுசன் பெரிய ஆளு. மரியாதையா வந்து, மரியாதையா ஒக்காந்து பாத்துட்டு, மரியாதையாப் போகணும். வெளங்குச்சா?"

"வெளங்குச்சுங்க" என்றார்கள்.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று இன்றைக்கும் என்னையே ஏசிக்கொள்கிறேன். துரை ரோட்டில் வந்தால் ஓரத்துத் தண்ணிக் கானில் இறங்கி நின்ற சனம் நாங்கள். துரைக்கு முன்னால் பல்லைக் காட்டினால் திமிர் என்று அர்த்தம். துரை போன பிறகும் அந்த மரியாதையைக் கட்டிக் காப்பாற்றியது யார் என்றால், என்னைப் போன்ற கணக்கப்பிள்ளைகள்தான். இந்தக் கிழவருடைய படத்தைப் பார்த்து இவர்கள் கேலி பண்ணிவிடுவார்களோ என்று எனக்குப் பயம். அந்தப் பயத்தில், அது சிரிப்புப் படம் என்பதை நான் ஒருத்தரிடமும் சொல்லவில்லை. யோசித்துப் பாருங்கள், அதைச் சொல்லவே மறந்துபோனேன்!

சனிக்கிழமை எல்லோரும் கோயிலுக்கு வருகிற மாதிரி வந்தார்கள். பெண்கள் குளித்து, தலையில் எண்ணெய் வைத்து, நல்ல சேலை உடுத்தி, சாக்கு விரித்து வரிசையாக உட்கார்ந்தார்கள். ஆம்பிளைகள் பின்னால் நின்றார்கள். நான் திரைக்குப் பக்கத்தில் கதிரை போட்டு, படத்தையும் பார்த்துக்கொண்டு ஆட்களையும் பார்க்கிற மாதிரி ஒரு சாய்ப்பில் உட்கார்ந்தேன். டைரக்டர் தம்முடைய வழக்கப்படி மடுவத்துக்குப் பின்னால் போய், தகரத்துக்கு அந்தப் பக்கம் குடையோடு நின்றுகொண்டார்.

படம் ஓடியது. மாடு முதல் படியில் கால் வைக்க மாட்டேன் என்கிறது. பால்காரன் முன்னால் இழுக்கிறான், பின்னால் தள்ளுகிறான், கடைசியில் மாட்டுக்கு முன்னால் தானே நான்கு காலில் ஏறிக் காட்டுகிறான். எனக்கு வயிற்றுக்குள் என்னமோ ஏறி வந்தது, பல்லைக் கடித்து அமுக்கிக்கொண்டேன். நடுவரிசையில் ஒரு பெண் மூக்கால் ஒரு சத்தம் விட்டாள். திரும்பி ஒரு பார்வை பார்த்தேன். முந்தானையை எடுத்து வாய்க்குள் அடைத்துக்கொண்டாள். பால்காரன் வீட்டுக்காரனைக் கண்டதும் தொப்பியைக் கழற்றி, குனிந்து வணங்கி, ஓர் அடி பின்னால் வைக்கிறான். பின்னால் சாணி. வழுக்கிப் படியெல்லாம் உருண்டு கீழே போய் உட்காருகிறான், கையை விட்டுப் பறந்த தொப்பி வந்து தலையில் சரியாக உட்காருகிறது. ஒருத்தர் மூச்சு விடவில்லை. மழை மட்டும் தகரத்தில் கொட்டிக்கொண்டிருந்தது. என்ன கட்டுப்பாடு, என்ன ஒழுங்கு என்று எனக்குப் பெருமையாக இருந்தது.

படம் முடிந்ததும் எழுந்து திரையைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டுப் போனார்கள்.

பின்னால் போய்ப் பார்த்தேன். குடையை மடக்கிக் கையில் பிடித்தபடி நனைந்துகொண்டு நின்றார். மழைச் சத்தத்தில் சிரிப்பு கேட்காமல் போய்விடுமோ என்று காதைத் தகரத்தில் வைத்திருந்திருக்கிறார். கன்னத்தில் துரு ஒட்டியிருந்தது.

"ஒருவரும் சிரிக்கவில்லையா?" என்று கேட்டார்.

"இல்லை துரை. எல்லோரும் மிக மரியாதையாக இருந்தார்கள்" என்றேன். சந்தோசமாகச் சொன்னேன், பாவி.

தலையை ஆட்டினார். நன்றி என்றார். மறுநாள் காலை சமையல்காரன் ஓடி வந்து, மாத்தயா பெட்டி அடுக்குகிறார், அடுத்த ஞாயிறே போகப் போகிறாராம், ஒரு வாரம் முந்தி, என்றான்.

திங்கட்கிழமை என் வேலிக்கு மேலே இருக்கிற மலையில் கொழுந்து எடுத்தார்கள். சிரிப்புச் சத்தம் கேட்டது. சாதாரணச் சிரிப்பில்லை, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிற சிரிப்பு. "அந்தக் காட்டுப் பய, மாட்டுக்கு எப்புடிப் படி ஏறுறதுன்னு சொல்லிக் குடுக்குறான் பாரு!" என்று ஒருத்தி கத்த, மலை முழுக்கச் சிரித்தது. நான் வேலியைத் தாண்டி மேலே ஏறினேன். என் தலை தெரிந்ததும் சத்தம் நின்றது. குழாயைத் திருகி மூடின மாதிரி நின்றது. கை மட்டும் கொழுந்தில் ஓடியது.

"ஏண்டி, முந்தாநேத்து ஒரு மனுசன் ஒங்க சிரிப்பக் கேக்கணும்னு மழையில நின்னாரு. அப்ப வாயில என்ன கொழுக்கட்டையா வச்சிருந்தீங்க?"

முன் நிரையில் நின்ற ஒருத்தி, என்னிடம் இருபது வருடம் வேலை செய்தவள், கூடையை இறக்கி வைத்தாள். மற்றவர்கள் பேசத் தயங்குவதை எல்லாம் பேசுகிறவள் அவள்தான்.

"நீங்கதானேங்க சிரிக்கக் கூடாதுன்னு சொன்னீங்க?"

"நான் சொன்னா? அவ்வளவு பயமா தொரைக்கு?"

"தொரைக்கு யாருங்க பயந்தா? அவரு மடுவத்துக்குப் பின்னாலயில்ல நின்னாரு. நீங்கதான் முன்னால கதிர போட்டு ஒக்காந்திருந்தீங்க. நீங்க பாத்தா எங்களுக்குச் சிரிப்பு உள்ளயே போயிரும்ங்க ஐயா."

"நான் ரிட்டயர் ஆகி ஏழு வருசமாச்சு புள்ள."

"மொகம் ரிட்டயர் ஆகலையேங்க."

பின்னால் இரண்டு பேர் அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டார்கள். நான் இறங்கி வந்தேன்.

வீட்டுக்கு வந்து வாசலில் உட்கார்ந்தேன். மனைவி ஞாபகம் வந்தது. தண்ணி பிடிக்கிற பீலியடியில் அவள் அடுத்த வீட்டுக்காரியோடு சிரிக்கிற சத்தம் ரோட்டு வரைக்கும் கேட்கும். நான் கேட்டைத் திறந்தால் நின்றுவிடும். பொம்பளைக் கதை, நமக்கென்ன என்று நினைத்துக்கொண்டு உள்ளே போவேன். நாற்பது வருடம் ஒன்றாக இருந்தோம், அவள் சிரிக்கும்போது பல் வரிசை எப்படியிருக்கும் என்று யாராவது கேட்டால் எனக்குத் தெரியாது. வெட்கமாக இருந்தது. அதைவிடப் பயமாக இருந்தது. அன்றைக்கு ரேடியோவைப் போடவில்லை.

சாயங்காலம் பங்களாவுக்குப் போய் எல்லாவற்றையும் சொன்னேன். துரை, குற்றம் என்னுடையது, படத்தின் மேல் குற்றமில்லை, அவர்கள் சிரித்துச் சாகிறார்கள் என்றேன். அவர் என் கையைத் தட்டிக் கொடுத்தார். நீ நல்லவன், என்னைத் தேற்றுவதற்காகச் சொல்கிறாய் என்றார். எனக்குக் கோபம் வந்துவிட்டது. நான் யாரையும் தேற்றுகிற ஆளில்லை, இந்தத் தோட்டத்தில் யாரை வேண்டுமானாலும் கேட்டுப் பாருங்கள் என்று சத்தம் போட்டேன். அப்புறம் கெஞ்சினேன். வெள்ளிக்கிழமை பகல் கொழுந்து நிறுக்கிற நேரம் ஒரே ஒரு தடவை வாருங்கள் என்றேன். சரி என்றார்.

வெள்ளிக்கிழமை இரண்டு பேரும் ஒரு குடையில் இறங்கிப் போனோம். அட்டை ஏறாமலிருக்க அவர் காலுக்கு நான் சவர்க்காரம் பூசி விட்டிருந்தேன். மடுவத்துக்குப் பின்னால் தகரத்தை ஒட்டி நின்றோம். பெண்கள் வந்து கொழுந்துச் சாக்கை இறக்கிப் போட்டுவிட்டு, நிறுக்கிற ஆள் வரும்வரை உட்கார்ந்தார்கள். பேச்சில் முதலில் மழை, பிறகு யாருக்கோ காய்ச்சல், பிறகு வந்தது மாடு. ஒருத்தி மாடு மாதிரி அடம் பிடிக்கிறாள் போல, இன்னொருத்தி இழுக்கிறாள் போல, "ஏறுடி, ஏறு! வீட்டுக்காரன் வாறான்!" என்று சத்தம். தகரம் அதிர்ந்தது. அவர் தொப்பியைக் கழற்றிவிட்டுக் காதை ஒட்ட வைத்தார்.

பிறகு உள்ளே குரல் மாறியது. "மரியாதையா வந்து, மரியாதையா ஒக்காந்து..." முன் நிரைக்காரியின் குரல். என்னுடைய குரல். கையில் குடையை மாட்டிக்கொண்டு நான் நடக்கிற நடையையும் நடந்து காட்டியிருக்க வேண்டும். "வெளங்குச்சா?" என்று முடித்தாள். அப்போது வந்த சிரிப்புக்கு மாட்டுச் சிரிப்பெல்லாம் பக்கத்தில் நிற்காது.

என்ன செய்கிறாள் என்று அவர் ரகசியமாகக் கேட்டார்.

"என்னைச் செய்கிறாள், துரை" என்றேன்.

அவர் கண்ணை மூடிக் கொஞ்ச நேரம் கேட்டார். பிறகு தொப்பியைப் போட்டுக்கொண்டு, சட்டையைச் சரி செய்துகொண்டு, முன்பக்கம் நடக்க ஆரம்பித்தார். போகாதீங்க, போனால் நிறுத்திவிடுவார்கள் என்று சட்டைக் கையைப் பிடித்தேன். எடுத்துவிட்டுப் போனார். நானும் பின்னால் ஓடினேன்.

நிறுத்திவிட்டார்கள். எல்லோரும் எழுந்து முந்தானையைச் சரி செய்துகொண்டு நின்றார்கள். முன் நிரைக்காரி குடையைக் கீழே போட்டாள். அவர் மடுவத்து வாசலில் நின்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். தொப்பியைக் கழற்றினார். குனிந்து வணங்கினார். ஓர் அடி பின்னால் வைத்தார். பின்னால் சேறு. காலிரண்டும் முன்னுக்கு வர, தொப்பி மேலே பறக்க, தொப்பென்று சேற்றில் உட்கார்ந்தார். தொப்பி வந்து தலையில் சரியாக உட்கார்ந்தது.

"ஐயோ, அனே! தொர விழுந்துட்டாரு! புடிங்க, புடிங்க!"

சாக்கையெல்லாம் தட்டிவிட்டு ஓடினார்கள். ஒருத்தி தலையைப் பிடித்தாள், ஒருத்தி காலை நீவினாள், ஒருத்தி முந்தானையால் முகத்துச் சேற்றைத் துடைத்தாள். ஒருத்தர் உதட்டிலும் சிரிப்பில்லை, ஒருத்திக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. தொப்பி வந்து உட்கார்ந்ததை என்னைத் தவிர யாரும் கவனிக்கவில்லை. அந்தக் கிழட்டு உடம்பை வைத்துக்கொண்டு அளவெடுத்து விழுந்திருக்கிறார்.

எனக்கு அது எங்கேயிருந்து வந்தது என்று தெரியாது. வந்துவிட்டது. மடுவத்துத் தூணைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன். மூச்சு முட்டிற்று, கண்ணில் நீர் கொட்டிற்று, நிறுத்த முடியவில்லை. என் வாயிலிருந்து அப்படி ஒரு சத்தம் வரும் என்று எனக்கே தெரியாது.

"பெரிய மனுசன் விழுந்து கெடக்காரு, சிரிப்பப் பாரு இந்த ஐயாவுக்கு!" என்று முன் நிரைக்காரி என்னைத் திட்டினாள். எல்லோரும் திரும்பி முறைத்தார்கள். சேற்றில் கிடந்த மனிதர் அவர்களுடைய கைகளுக்கு நடுவால் என்னையே பார்த்தார். பிறகு முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டார். தோள் குலுங்கியது.

முழங்கையில் ஒரு சிராய்ப்பு, அவ்வளவுதான். சமையல்காரன் எண்ணெய் தடவிவிட்டான்.

ஞாயிற்றுக்கிழமை அவரை ஏற்றிப் போக வான் வந்து நிற்கும்போது என்னை மேசைக்குக் கூட்டிப் போனார். கல்லுக்குக் கீழே மூன்று தாள் எழுதியிருந்தது. வீடு வீடாகப் போய், யாரும் சிரிக்கக் கூடாது என்று சொல்லிவிட்டு வருகிற ஒருத்தனைப் பற்றிய படமாம். எழுதட்டுமா என்று கேட்டார். எழுதுங்கள் என்றேன். முடிவு மட்டும் தெரியவில்லை என்றார். அவன் முன்னால் அவர்கள் கடைசியில் சிரிக்கிறார்களா, இல்லையா? அதை நீதான் எனக்குச் சொல்ல வேண்டும், பொய் சொல்லக் கூடாது என்றார்.

அங்கே போனதும் மகள் சொன்ன இல்லத்துக்குத்தான் போனார். அறையில் ஜன்னலோரம் மேசை போட்டிருப்பதாகச் சொன்னார். வாட்ஸ்அப்பில் ஞாயிற்றுக்கிழமைதோறும், என் மகள் பேசி வைத்த பிறகு, அவர் எடுப்பார். மழையா என்று கேட்க மாட்டார், சாப்பிட்டாயா என்று கேட்க மாட்டார்.

"சிரித்தார்களா?"

"இன்னும் இல்லை, துரை."

"சரி. நான் அறுபதாவது பக்கத்தில் இருக்கிறேன். அவசரமில்லை."

நானும் சும்மா இருக்கவில்லை. மடுவத்துப் பக்கம் வேலையில்லாமல் போய் நிற்பேன். பேச்சு நின்றுவிடும். ஒரு நாள் சிரிக்கட்டுமென்று பகிடியாக ஏதோ சொல்லிப் பார்த்தேன். "சரிங்க ஐயா" என்றார்கள். கண்ணாடி முன்னால் நின்று முகத்தை இளக்கிப் பார்த்தேன், எனக்கே பயமாக இருந்தது. பிள்ளையார் பிடிக்கப் போய்க் குரங்கானாலும் பரவாயில்லை, சிரிக்கவாவது செய்வார்கள். நான் பிடித்தால் மறுபடியும் கணக்கப்பிள்ளைதான் வருகிறார்.

ஆறு மாதம் இப்படிப் போனது. பிறகு ஒரு ஞாயிறு அவருடைய போன் வரவில்லை. அடுத்த ஞாயிறும் வரவில்லை. நான் எடுத்தால் மணி அடிக்கிறது, ஆள் இல்லை. மூன்றாவது ஞாயிறும் போனபிறகு திங்கட்கிழமை பகல் எழுந்து மடுவத்துக்குப் போனேன். வழக்கம்போலப் பேச்சு நின்றது.

"அந்தத் தொர போன் எடுக்க இல்ல. மூணு வாரமாச்சு" என்றேன். யாரிடமாவது சொல்ல வேண்டியிருந்தது.

"ஒடம்புக்கு ஏதாச்சுமாங்க?" என்றாள் முன் நிரைக்காரி.

"தெரியலம்மா."

அப்புறம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவர் எழுதுகிற படத்தையும், அதில் வருகிறவன் யார் என்பதையும், வாரம்தோறும் என்ன கேட்பார் என்பதையும் சொன்னேன். அவர்கள் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்தார்கள்.

"இப்ப எங்களச் சிரிக்கச் சொல்றீங்களா ஐயா?"

"இல்ல புள்ள... ஆமா. தெரியல."

"கேட்டா வருமாங்க அது?" என்றாள். பிறகு பக்கத்தில் கிடந்த சாக்கைக் காலால் தள்ளினாள். "நிக்காதீங்க. ஒக்காருங்க."

உட்கார்ந்தேன். முப்பத்து நான்கு வருடத்தில் அந்த மடுவத்தில் நான் தரையில் உட்கார்ந்ததில்லை. போத்தலில் இருந்த வெறும் தேயிலைச் சாயத்தண்ணியை மூடியில் ஊற்றிக் கொடுத்தாள். அவர்கள் மெதுவாகப் பேச ஆரம்பித்தார்கள். கூரைத் தகரம் ஓட்டை, பஸ் நேரத்துக்கு வருவதில்லை. நான் யார் முகத்தையும் பார்க்காமல் வெளியே மழையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். யாரோ தன் புருசன் ராத்திரி ஓட்டையை அடைக்கப் போய் ஏணியோடு கோழிக்கூட்டுக்கு மேல் விழுந்த கதையைச் சொன்னாள். ஒருத்தி சிரித்தாள். இன்னொருத்தி சிரித்தாள். பிறகு எல்லோரும் சிரித்தார்கள். நான் அங்கேயேதான் உட்கார்ந்திருந்தேன். ஒருத்தரும் நிறுத்தவில்லை.

மெல்ல எழுந்து, போனை எடுத்துக்கொண்டு, மடுவத்துக்குப் பின்னால் போனேன். அவர் நின்ற இடத்தில் நின்று எடுத்தேன். இந்தத் தடவை மணிகூட அடிக்கவில்லை. போனைத் தகரத்தோடு ஒட்டி வைத்து உள்ளே கேட்கிற சத்தத்தைக் கொஞ்ச நேரம் பதிந்தேன். கடைசியில், "அவர்கள் சிரித்துவிட்டார்கள், துரை. நான் அவர்களுக்கு முன்னாலேயே உட்கார்ந்திருந்தேன்" என்று சொல்லி அனுப்பினேன்.

அனுப்பியதற்கு அடையாளமாக ஒரு சரிக்கோடு விழுந்தது. போய்ச் சேர்ந்தால் இரண்டாவதும் விழும் என்று மகள் சொல்லித் தந்திருக்கிறாள். தினமும் காலை ஐந்து மணிக்கு எழுந்ததும் பார்க்கிறேன். இன்னும் ஒன்றுதான் இருக்கிறது.